அந்தக் கை என்னுடையதுதான்

அலுவலகத்தில் என்னோடு வேலை பார்த்த பிள்ளைகள் ஒரு வாட்ஸ்அப் குழு வைத்திருக்கிறார்கள். நான் ஓய்வு பெற்ற பிறகும் என்னை அதிலிருந்து யாரும் நீக்கவில்லை. பிறந்தநாள் வாழ்த்து, சுற்றறிக்கை, மண்சரிவால் பாதை மூடிய செய்தி எல்லாம் இன்னும் எனக்கும் வந்து விழும். சென்ற மாதம் அதில் ஒருத்தி சிறிய காணொளித் துண்டு ஒன்றைப் போட்டாள். ஒரு கவுண்டர். கண்ணாடி முழுக்கப் பழைய பத்திரிகை ஒட்டியிருக்கிறது. கீழே ஒரு துளை. துளைக்குள்ளிருந்து ஒரு பெண்ணின் கை வந்து, வெளியிலிருந்து நீட்டப்பட்ட காகிதத்தைத் திரும்பத் தள்ளுகிறது. "கொஞ்சம் இருங்க" என்கிறது ஒரு குரல். அவ்வளவுதான்.

கீழே அவள் கேட்டிருந்தாள்: "மெடம், இது ஒங்க கைதானே?"

இன்னொருவன் எழுதியிருந்தான்: "கை தெரியாது. கொரல் மெடத்தோடதுதான். பக்கத்துல ஒக்காந்து நான் கேட்ட கொரல்."

அதற்குக் கீழே சிரிக்கும் முகங்கள். நான் பதில் போடவில்லை. தொலைபேசியைக் கவிழ்த்து வைத்துவிட்டு அடுப்படிக்குப் போனேன். பால் பொங்கி வழிந்ததைக்கூடக் கவனிக்காமல் நின்றேன். அது என் மகள் எடுத்த குறும்படத்துக்கு அவள் வெளியிட்ட முன்னோட்டம். அவள் ஆசிரியர் நியமனத்துக்கு விண்ணப்பித்திருக்கிறாள், நேர்முகத் தேர்வு வரப்போகிறது. அரசாங்கத்தைக் கிண்டல் செய்து படம் எடுத்த பெண் அரசாங்கத்திடமே வேலை கேட்டு வந்து நிற்கிறாள் என்று யாராவது ஒருவர், ஒரே ஒருவர், ஒரு கோப்பின் ஓரத்தில் எழுதிவிட்டால் போதும். கோப்பின் ஓரத்தில் எழுதுவது எவ்வளவு சுலபம் என்று எனக்குத் தெரியும்.

பிறகு பஸ் நிலையத்தில் பார்த்தபோதும் கேட்டார்கள், கோயில் திருநாளிலும் கேட்டார்கள். ஆம், இல்லை என்று ஒற்றைச் சொல்லில் சொல்ல முடியாத பதில் என்பதால் எழுதுகிறேன்.

நான் இலங்கை மலையகத்தில், டயகமப் பக்கத்தில், ஒரு தேயிலைத் தோட்டத்து லயத்தில், அந்த வரிசை வீடுகளில் ஒன்றில் பிறந்தவள். உயர்தரம் முடித்து, போட்டிப் பரீட்சை எழுதி, அரசாங்க எழுத்து வேலைக்கு லிகிதரானேன். சிங்களம் எழுதப் பழகினேன். கோப்பு திறக்கவும், எந்த நிற மையில் யார் எழுதலாம் என்றும் பழகினேன். பிறகு ஹட்டன் பக்கத்தில் ஒரு பிரதேச செயலகத்தில் போட்டார்கள். சனங்கள் இன்றைக்கும் அதைக் கச்சேரி என்றுதான் சொல்வார்கள். அந்தக் காலத்தில் முன் கவுண்டரில் தமிழ் பேசத் தெரிந்த ஆள் நான் ஒருத்திதான். ஆகவே எந்தப் பிரிவின் வேலையானாலும் தோட்டத்து ஆள் வந்தால் என் துளைக்கு முன்னால்தான் நிற்பார்.

எங்கள் பிரதம லிகிதர் பண்டார மாத்தயா, அதாவது பண்டார ஐயா. பெயரைச் சற்று மாற்றியிருக்கிறேன். அவரைப் போல மென்மையான மனிதரை நான் அலுவலகங்களில் கண்டதில்லை. குரல் உயர்த்த மாட்டார். யாராவது அழுதால் மேசை லாச்சியை இழுத்துத் திறந்து டொபி மிட்டாய் எடுத்துக் கொடுப்பார், பெரிய ஆட்களுக்கும்தான். ஒரு விஷயம் முடிந்துவிட்டது என்றால் அதை வாயால் சொல்ல மாட்டார். பேனாவின் மூடியை எடுத்து, மெதுவாக, இரண்டு முறை திருகி மூடுவார். அந்த மூடி மூடிய பிறகு அமைச்சரே வந்தாலும் அது திறக்காது என்று பியோன் சொல்வான்.

நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஒருவரிடம் "இது இங்க முடியாது" என்று சொல்லிவிட்டேன். அவர் போட்ட சத்தத்தில் அலுவலகமே எழுந்து நின்றது. பண்டார மாத்தயா அவருக்கு டொபி கொடுத்து அனுப்பிவிட்டு என்னைக் கூப்பிட்டார்.

"மிஸ், பே கியன்ன எப்பா. பொட்டக் இன்ன கியன்ன."

சிங்களத்தில் அவர் சொன்னது: முடியாது என்று சொல்லாதீர்கள், கொஞ்சம் இருங்கள் என்று சொல்லுங்கள். பிறகு தனக்குத் தெரிந்த தோட்டத் தமிழில் விளக்கினார்: "முடியாது சொன்னா சண்டைக்கு வரும். இருங்க சொன்னா இருக்கும்."

அவர் சொன்னது உண்மைதான். இருந்தார்கள். பகல் வரை இருந்தார்கள், மாலை பஸ் வரை இருந்தார்கள், அடுத்த கிழமை வந்தும் இருந்தார்கள். பலரின் வேலை அப்படி இருந்தே முடிந்தும் இருக்கிறது. சும்மா சொல்லக் கூடாது, என் கையால் ஆன காரியங்கள் அனேகம்.

பிறகு பெஞ்சு. முன்பு அது கவுண்டரைப் பார்த்துக் கிடந்தது. பண்டார மாத்தயா ஒரு நாள் அதைச் சுவர்ப் பக்கம் திருப்பிப் போடச் சொன்னார். சுவரில் ஒரு கலண்டர் தொங்கும், அதைப் பார்த்துக்கொண்டிருக்கலாம். எங்களையே பார்த்துக்கொண்டிருந்தால் எங்களுக்கு வேலை ஓடாது என்றார். கண்ணாடியில் பத்திரிகை ஒட்டியது வெயில் கண்ணில் குத்துகிறது என்று. துளையைக் கீழே இறக்கியது கூட்டம் முட்டுகிறது என்று. ஒவ்வொன்றுக்கும் நியாயமான காரணம் இருந்தது. அவர் கெட்டவர் இல்லை. என் கணவர் இறந்தபோது வந்து, அழுதுகொண்டு நிற்காமல், கதிரைகளைத் தூக்கி அடுக்கிய மனிதர். ஆனால் அவர் ஓய்வு பெற்றுப் போனபோது, எங்கள் கவுண்டருக்கு வருகிறவருக்கு எங்கள் முகம் தெரியாது என்ற நிலை ஏற்பட்டிருந்தது. கை மட்டும் தெரியும். வெளியில் நிற்கிறவர் குனிந்து, துளைக்குள் பேச வேண்டும்.

என் மகள் அனிட்டா பள்ளி விட்டு வந்து அந்தப் பெஞ்சில்தான் உட்கார்ந்திருப்பாள். சுவரைப் பார்த்துக்கொண்டு வீட்டுப்பாடம் எழுதுவாள். அது அவள் மனதில் எப்படிப் பதிந்தது என்று எனக்குத் தெரியாமல் போய்விட்டது. நான் முழங்கால் வலியால் வயதுக்கு முன்பே ஓய்வு பெற்று டிக்கோயா வீட்டில் உட்கார்ந்த பிறகு, ஒரு நாள் தேநீர் குடிக்கும்போது சொன்னாள்.

"அம்மா, நான் ஒரு குறும்படம் எடுக்கப் போறேன். நீங்க வேணும்."

"எனக்கு நடிக்கத் தெரியாதும்மா."

"ஒங்க கையும் கொரலும் போதும். நான் பெஞ்சில இருக்கையில ஒங்க கொரல் பின்னாலதான் கேக்கும். அந்தக் கொரல்."

"மூஞ்சி?"

"வராது. கண்ணாடியில பேப்பர் ஒட்டிருவோம்."

"கதை என்னா?"

"கதை இல்ல. ஒரு வரிசை. முன்னுக்கு வர்றவங்களை எல்லாம் நீங்க இருக்கச் சொல்வீங்க. அவங்க பின்னுக்குப் போவாங்க. அப்படியே வரிசை வட்டமாயிரும். கடைசில நீங்க சொல்லாமலே போவாங்க."

"இத யாரு பாப்பா?"

"கச்சேரிக்குப் போன எல்லாரும்."

"ஒனக்கு இன்டவியூ இருக்கு."

"அதுக்கும் இதுக்கும் என்னாம்மா?"

"எல்லாத்துக்கும் எல்லாம் இருக்கு" என்றேன். அவள் சிரித்தாள். என்னால் சிரிக்க முடியவில்லை. ஆனால் முகம் வராது என்ற ஒன்றைப் பிடித்துக்கொண்டு சம்மதித்தேன். அவளைத் தனியாக விடுவதை விட, பக்கத்தில் இருந்து பார்த்துக்கொள்வது நல்லது என்றும் பட்டது.

படப்பிடிப்பு டிக்கோயாவுக்கு மேலே ஒரு தோட்டத்தில், மூடிக் கிடந்த பிள்ளைக்காம்பராவில். கொழுந்து எடுக்கப் போகும் தாய்மார் குழந்தைகளை விட்டுப்போன இடம். சுவரில் வாத்துப் படம் மங்கிக் கிடந்தது. அனிட்டாவும் கெமரா பிடிக்கும் அவளுடைய நண்பன் சுதனும் பலகையால் ஒரு கவுண்டர் செய்தார்கள். வரிசையில் நிற்க ஆள் வேண்டும் என்று தோட்டத் தலைவரிடம் சொல்லியிருந்தாள். தலைவர் தன் வழக்கப்படி அதைச் சுருக்கி, கோயில் மைக்கில் அறிவித்திருக்கிறார்:

"சனிக்கெழம கச்சேரி மெடம் வர்றாங்க. பிள்ளைக்காம்பராவுல படம் எடுக்கிறாங்க. எல்லாரும் வந்து சேருங்க."

இந்த அறிவிப்பில் ஒரு சொல்லும் பொய் இல்லை. ஆனால் தோட்டத்தில் கச்சேரி ஆட்கள் வந்து படம் எடுக்கிறார்கள் என்றால் அதற்கு ஒரே அர்த்தம்தான். நடமாடும் சேவை. அடையாள அட்டைக்குப் படம் பிடிக்கிறார்கள்.

சனிக்கிழமை வந்தவர்களைப் பார்த்து அனிட்டா பூரித்துப் போனாள். பெண்கள் தலையில் எண்ணெய் வழிய, முடியை இழுத்துக் காதுக்குப் பின்னால் செருகியிருந்தார்கள். ஆண்கள் முகம் மழித்து, கழுத்துப் பொத்தான் வரை பூட்டியிருந்தார்கள். எல்லோரும் கெமராவை நேராகப் பார்த்து, மூச்சைப் பிடித்து நின்றார்கள்.

"என்னா முகங்கள் பாருங்கம்மா! நான் சொல்லிக் குடுத்தாலும் இப்படி நிக்க மாட்டாங்க."

அவளுக்குப் புரியவில்லை. எனக்குப் புரிந்தது. அடையாள அட்டைப் படத்தில் இரண்டு காதும் தெரிய வேண்டும்.

ஓர் இளைஞன் கை தூக்கினான். "ஏங்க, பின்னுக்கு என்னா கலர் துணி? நான் வெள்ளச் சட்டை போட்டு வந்துட்டேன், மறைஞ்சிருவேனே?"

அனிட்டா கூட்டத்தை உட்கார வைத்து விளக்கினாள். இது ஐடிக்கு இல்லை, குறும்படம், நடிக்க வேண்டும், பேச வேண்டியதில்லை. ஒரே சிரிப்பு.

"அடிப்பாவி, ஒரு போத்தல் எண்ணெயக் கவுத்துக்கிட்டு வந்திருக்கேனே!" என்றாள் ஒரு பெண். "சோத்துப் பார்சலாவது உண்டா?"

உண்டு என்றதும் எல்லோரும் இருக்கச் சம்மதித்தார்கள். அந்த விளக்கம் முடிந்து, வரிசை நின்று, முதல் காட்சி தொடங்கிய பிறகுதான் ராமாயி வந்து வரிசையின் கடைசியில் சேர்ந்திருக்கிறார். மேல் கணக்கிலிருந்து, அதாவது மலை உச்சியில் உள்ள பிரிவிலிருந்து, நடந்து வந்தவர். பாதி வழியில் காகிதங்கள் ஞாபகம் வந்து திரும்பப் போய் எடுத்துக்கொண்டு வந்ததால் தாமதம். இதெல்லாம் எனக்குப் பிறகுதான் தெரியும்.

நான் பலகைக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தேன். பத்திரிகை ஒட்டிய கண்ணாடி, துளை, ஒரு ரப்பர் முத்திரை. உட்கார்ந்ததுமே என் முதுகு தானாக நேரானது. கைகள் வரும். நான் காகிதத்தைத் தள்ளுவேன். "கொஞ்சம் இருங்க." கை போகும். அடுத்த கை வரும். எத்தனை வருட வேலை அது, தூக்கத்தில்கூடச் செய்வேன். பொய்க் காகிதங்கள், வெற்றுத் தாள்கள். ஒருவன் டொபிக் கடதாசியை நீட்டிவிட்டு அந்தப் பக்கம் சிரித்தான்.

பிறகு ஒரு கை வந்தது. கொழுந்துச் சாயம் ரேகைகளில் ஊறிய கை. கூடவே குரலும் வந்தது.

"மெடம், பேரு மாத்தணும்ங்க."

யாரும் பேச வேண்டாம் என்றுதானே சொன்னாள். ஒருவேளை இவருக்கு மட்டும் வசனம் கொடுத்திருக்கிறாளோ என்று நினைத்தேன். "கொஞ்சம் இருங்க" என்றேன். கை போனது.

வரிசை சுற்றி மறுபடி அந்தக் கை வந்தது. "மெடம், பேருங்க." அதே மரியாதையான, அவசரமில்லாத குரல். "கொஞ்சம் இருங்க." போனது. சுதன் மெதுவாக, "செமயா நடிக்கிறாங்க" என்று சொன்னது காதில் விழுந்தது.

அடுத்த சுற்றில் கை ஒரு பொலித்தீன் பையைத் துளைக்குள் தள்ளியது. பையில் ஒரு பிறப்புச் சான்றிதழ், ஓர் அடையாள அட்டை. இரண்டும் உண்மையானவை. சான்றிதழில் ராமாயி. அட்டையில் ரமணி. கேட்டவர் எப்படிக் கேட்டாரோ, எழுதியவர் எப்படி எழுதினாரோ. அட்டைப் படத்தில் இரண்டு காதும் நன்றாகத் தெரிந்தன.

இந்த மனுஷி நடிக்கவில்லை. தன் வேலைக்காக வரிசையில் நின்று, இருங்க என்றதும் போய், சுற்றி வந்து, மறுபடி நின்றிருக்கிறார். ஏன் என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை. கச்சேரியில் நடப்பது போலவேதானே இங்கும் நடக்கிறது, எதைக் கேட்பார்?

நான் கதிரையிலிருந்து எழுந்து, துளை அளவுக்குக் குனிந்தேன். என் முகம் துளைக்கு நேராக வந்தது. அந்தப் பக்கமும் ஒரு முகம் குனிந்திருந்தது. அக்கா, இது நெசமில்லை, நாடகம், வீட்டுக்குப் போங்க என்று சொல்லத்தான் குனிந்தேன். வாய் திறந்தேன். வந்தது இதுதான்:

"கொஞ்சம் இருங்க."

ராமாயி தலையை ஆட்டிவிட்டு, வரிசையின் கடைசிக்குப் போனார்.

மூடுபனி இறங்கி வெளிச்சம் போனது. சுதன் கெமராவை நிறுத்தினான். நான் வெளியே ஓடி வந்தபோது சோற்றுப் பார்சல் கொடுத்துக்கொண்டிருந்தார்கள். ராமாயியைக் காணவில்லை. எண்ணெய் தேய்த்து வந்த பெண் சொன்னாள்: "அவங்க போயிட்டாங்களே. மெடம் பையை வாங்கிட்டாங்கன்னு சந்தோசமாச் சொல்லிட்டுப் போறாங்க. என்னா நடிப்பு!"

அந்தப் பை என் சாப்பாட்டு மேசையில் பாண் ரொட்டிக்குப் பக்கத்தில் கிடந்தது. அதைப் பார்க்காமல் சாப்பிட முடியவில்லை. வாசலில் மோட்டார் சைக்கிள் நின்றால் திடுக்கிட்டேன். தோட்டத்து ஒபிசிலிருந்து, போலி நடமாடும் சேவை நடத்தியது யார் என்று கேட்டு வருகிறார்கள் என்று தோன்றும். அனிட்டா தொலைபேசி எடுக்காவிட்டால் ஹட்டன் பொலிஸ் வரைக்கும் என் மனம் போய்த் திரும்பும்.

அவள் படத்தை வெட்டி ஒட்டி முடித்து எனக்குக் காட்டினாள். ராமாயியின் முகம்தான் படத்தின் உயிர். ஒவ்வொரு சுற்றிலும் அதே நம்பிக்கை, அதே நிமிர்ந்த தலை. பிறகு துளைக்குள் ஒரு முகம் குனிந்தது. நான். நரைத்த முன்மயிர், விரிந்த கண். "கொஞ்சம் இருங்க."

"இத எடுத்துரு."

"அம்மா, இதுதான் படமே!"

"மூஞ்சி வராதுன்னு சொல்லித்தான் ஒத்துக்கிட்டேன். இத எடுக்கலன்னா படமே வேணாம்."

அவள் படத்தை அந்த இடத்துக்கு ஓட்டினாள். பிறகு எடுத்துவிட்டாள். ராமாயிக்குத் தெரியாமல் அவர் முகத்தை எப்படிக் காட்டுவது என்று அடுத்துக் கேட்டாள். பையின் கதையை அவளிடம் முன்பே சொல்லியிருந்தேன். ஹட்டனில் ஒரு மண்டபத்தில் காட்டுவதற்கு நாளும் குறித்தாகிவிட்டது. பையும் என்னிடம்தான் இருக்கிறது. ஆகவே நான்தான் போக வேண்டும்.

மேல் கணக்கு வரை முச்சக்கர வண்டி போகாது. கடைசித் தூரம் நடந்தேன். ராமாயி லயத்து வாசலில் விறகு அடுக்கிக்கொண்டிருந்தார்.

"வாங்க மெடம், வாங்க! ஐடி வந்திருச்சா?"

அங்கேயே திரும்பி இறங்கிவிடலாம் போலிருந்தது. முக்காலியில் உட்கார வைத்தார். நான் எல்லாவற்றையும் சொன்னேன். நான் இப்போது கச்சேரியில் இல்லை, அது ஒரு படம், மகள் எடுத்தது. அவர் விறகைக் கீழே வைத்துவிட்டுக் கேட்டார்.

"நாடகமாங்க?"

"அந்த மாதிரிதான்க்கா."

"சுத்திச் சுத்தி வந்தேனே, அது?"

"அதுதான் படம்."

"அப்ப கச்சேரில சுத்துறது?"

அவர் கோபமாகக் கேட்கவில்லை. தெரிந்துகொள்ளத்தான் கேட்டார்.

"எனக்கு எதுக்கு அவசரம்னா, அக்கா கோத்தகிரில இருக்கு. நான் சின்னப்புள்ளயா இருக்கையில அவளுக்கு இந்தியாவுக்குப் போற கடதாசி வந்திருச்சு, எனக்கு வரல. அவளுக்கு இப்ப கண்ணு தெரியலயாம். பாஸ்போட் எடுக்கலாம்னா ரமணி யாருங்கிறான். நான் யாரைக் காட்டுறது?"

அந்த வேலையை நான் முடித்துத் தருகிறேன், கூடவே வருகிறேன் என்றேன். புது விண்ணப்பம், தோட்டத்துரையின், அதாவது தோட்ட மேலாளரின், அத்தாட்சி, படம் எல்லாம் வேண்டும், ஆளும் நேரில் வர வேண்டும் என்றேன். தலையை ஆட்டினார். பிறகு, "சரி, அதைக் காட்டுங்க, நான் எப்படி இருக்கேன்னு பாப்போம்" என்றார்.

தொலைபேசியில் காட்டினேன். கண்ணைச் சுருக்கிக்கொண்டு பார்த்தார்.

"அடியாத்தீ! என் காது எப்படித் தெரியுது பாருங்க!" சிரித்தார். முதல் சுற்று, இரண்டாம் சுற்று. சிரிப்பு மெதுவாக நின்றது. பிறகு விரலால் திரையைத் தொட்டார்.

"இது நானு. நீங்க எங்கங்க?"

"இந்தக் கைதான்க்கா."

"மூஞ்சி?"

"மூஞ்சி வராது."

"குனிஞ்சு பாத்தீங்களே, நான் பாத்தேனே."

"அத எடுத்துட்டோம்க்கா. நான் கவுமெந்துல இருந்த ஆளு, பென்சன் வாங்குறவ. மகளுக்கு வேற இன்டவியூ இருக்கு. யாராவது பாத்தா…"

"தொரை பாத்தா என்னைய மட்டும் சும்மா விடுவாரா? அவருகிட்டதானே நான் கையெழுத்துக்குப் போய் நிக்கணும்?"

அது எனக்குத் தோன்றவே இல்லை. உண்மையில் தோன்றவில்லை. என் பயங்களை ஒவ்வொன்றாக எண்ணிப் பார்த்தவள், இந்த மனுஷிக்கும் பயப்பட ஒன்று இருக்கும் என்று நினைக்கவில்லை.

ராமாயி தொலைபேசியைத் துடைத்துத் திருப்பித் தந்தார். "என் மூஞ்சி இருக்கட்டும்ங்க. நல்லாத்தான் இருக்கு. ஆனா ஒங்க மூஞ்சியும் இருக்கணும். இல்லாட்டி ரெண்டும் வேணாம்."

வீட்டுக்கு வந்து மகளிடம் அப்படியே சொன்னேன். அவள் வாதாடுவாள், கெஞ்சுவாள் என்று எதிர்பார்த்தேன். பதில்களைத் தயாராக வைத்திருந்தேன். அவள் மடிக்கணினியை மூடினாள்.

"நான் ஒண்ணும் சொல்லலம்மா. அது ஒங்க மூஞ்சி. வேணாம்னா படத்த நிப்பாட்டிருவோம்."

அந்த நாட்களில் நான் சரியாகத் தூங்கவில்லை. நேர்முகத்தில் உட்கார்ந்திருக்கும் அதிகாரி என் முகத்தை அறிந்தவராக இருப்பார். நீங்கள் இன்னாருடைய மகளா என்று கேட்பார். அவள் ஆம் என்பாள். அவர் பேனாவின் மூடியை எடுத்து, மெதுவாக, இரண்டு முறை திருகுவார். கண்ணை மூடினால் இந்தக் காட்சிதான் ஓடியது.

துரையிடம் அத்தாட்சி வாங்கிய பிறகு, ஒரு திங்கட்கிழமை ராமாயியை என் பழைய அலுவலகத்துக்கு அழைத்துப் போனேன். விண்ணப்பத்தையும் பழைய அட்டையையும் துளைக்குள் நீட்டினேன். உள்ளிருந்து அன்பான ஒரு குரல், வாட்ஸ்அப்பில் என் கையைக் கேட்ட அதே பிள்ளையின் குரல்: "அட, மெடமா? கொஞ்சம் இருங்க மெடம்."

நான் போய்ப் பெஞ்சில் உட்கார்ந்தேன். சுவர். கலண்டர் மட்டும் புதிது. ராமாயி உட்காரவில்லை.

"ஏங்க, ஆளுங்க அங்கிட்டு இருக்கையில நம்ம எதுக்கு செவத்தப் பாக்கணும்?"

"இங்க அப்படித்தான்க்கா."

"எந்திரிங்க. அந்தப் பக்கம் புடிங்க."

அவர் பெஞ்சின் ஒரு முனையைத் தூக்கிவிட்டார். நான் வாசல் காவலாளியைப் பார்த்தேன், உள் அறைக் கதவைப் பார்த்தேன். உட்கார்ந்திருந்த இன்னும் சிலர் எழுந்து வழிவிட்டார்கள். நான் மறுமுனையைப் பிடித்தேன். சீமெந்துத் தரையில் பெஞ்சுக் கால் கீச்சிட்ட சத்தத்துக்கு உள்ளே தட்டச்சு நின்றது. யாரும் வந்து ஒன்றும் கேட்கவில்லை. நாங்கள் கவுண்டரைப் பார்த்து உட்கார்ந்தோம். ஒட்டிய பத்திரிகையும் துளையும் அதில் வந்து போகும் ஒரு கையும் தெரிந்தன. என் கையும் இப்படித்தான் இருந்திருக்கும். எத்தனையோ வருடம் உள்ளே இருந்த எனக்கு, வெளியிலிருந்து அது எப்படித் தெரியும் என்று அன்றுதான் தெரிந்தது.

தொலைபேசியை எடுத்தேன். இதை எழுதும்போதும் படம் இன்னும் காட்டப்படவில்லை, நேர்முகமும் இன்னும் வரவில்லை.

"அனிட்டா, நான் குனியிற அந்த இடம் இருக்கா, அழிச்சிட்டியா?"

"இருக்கும்மா."

"போடு."

அந்தப் பக்கம் மூக்கை உறிஞ்சும் சத்தம். பிறகு கேட்டாள். "நீங்க பேசுறதோடயா?"

"பேசுறதோட."

ராமாயி என் பக்கம் சாய்ந்தார். "மகளா? என்னா சொல்றா?"

"ஒண்ணும் சொல்லலக்கா. அழுவுறா போல."

"எதுக்கு அழுவுறா? படத்துல என் காது நல்லா விழுந்திருக்குன்னு சொல்லுங்க."

அப்போது கவுண்டரிலிருந்து கூப்பிட்டார்கள். "ரமணி! ரமணி யாரு?"

ராமாயி அசையவில்லை. மறுபடி கூப்பிட்டார்கள். பெஞ்சில் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். எனக்கு வழக்கமான பதற்றம் வந்துவிட்டது. அவர் முழங்கையைத் தொட்டேன்.

"அக்கா, கூப்புடுறாங்க, எந்திரிங்க."

"ரமணியத்தானே கூப்புடுறாங்க" என்றார் ராமாயி, கவுண்டரிலிருந்து கண்ணை எடுக்காமல். "என் பேரச் சொல்லட்டும். நீங்க கொஞ்சம் இருங்க."

நான் இருந்தேன்.